போன வாரமும் வந்தவர்

பாப்பாக்காவுக்கு மாப்பிள்ளை பார்த்தது அவள் பெற்ற மகள். விஷயம் தெரிந்ததும் ஆஸ்பத்திரியில் பாதிப் பேர் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள், மீதிப் பேர் நல்ல காரியம் என்றார்கள். சிரித்தவர்கள் மேல் அவளுக்குக் கோபம் வரவில்லை. ஐம்பதைத் தாண்டி, பேத்தி பள்ளிக்கூடம் போகிற வயதில் ஒருத்திக்குக் கல்யாணப் பேச்சு என்றால் அவளுக்கே முதலில் சிரிப்புத்தான் வந்தது. ஆனால் மகள் கட்டிக்கொண்டு போன வீடு தூரம். சாயங்காலம் வேலை முடிந்து வந்து பூட்டைத் திறந்தால் உள்ளே காலையில் வைத்த டம்ளர் வைத்த இடத்திலேயே இருக்கும். அந்த டம்ளரைப் பார்க்கிறபோது சிரிப்பு வராது.

அவளுக்குப் பிரசவ ஆஸ்பத்திரியில் வேலை. பிறந்து சில நாளே ஆன குழந்தைகளை வைத்திருக்கும் பெரிய அறைக்கு அவள்தான் பொறுப்பு. குளிப்பாட்டுவது, துணியில் சுற்றுவது, எடை பார்ப்பது, பசித்து அழுகிறதைத் தாயிடம் கொண்டுபோய்க் கொடுப்பது எல்லாம் அவள் கைதான். பாப்பாக்கா என்ற பெயரும் அங்கே ஒட்டிக்கொண்டதுதான். அந்த அறையில் யாரும் குரலை உயர்த்தக்கூடாது. ஒன்று விழித்து அழுதால் பக்கத்துத் தொட்டிலும் விழிக்கும், அப்புறம் அறையே ரெண்டுபடும். அங்கேயே காலம் தள்ளியதில் அவள் குரல் நிரந்தரமாகத் தணிந்துவிட்டது. காய்கறிக் கடைக்காரர்கூட, "அக்கா, கத்திரிக்காய் ஒண்ணும் தூங்கலை, சத்தமாவே கேளுங்க" என்று கிண்டல் பண்ணுவார்.

மாப்பிள்ளையாகப் பார்த்திருந்தவருக்குத் துறைமுகத்து ஐஸ் பேக்டரியில் மெஷின் ரூம் வேலை. மனைவி போய் வெகு காலம் ஆகிறது, பிள்ளை இல்லை. ஐஸ் பேக்டரியில் இருக்கிறாரே தவிர யாருக்கும் ஐஸ் வைக்கத் தெரியாத மனுஷர் என்று அவருடைய அக்கா பெருமையாகவோ கவலையாகவோ சொன்னார். இந்த அக்கா டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் இருந்து ஓய்வு பெற்றவர். வேலை நின்ற பிறகும் பேச்சு நிற்கவில்லை. மகளும் இந்த எக்ஸ்சேஞ்ச் அக்காவும் போனிலேயே பேசி எல்லாவற்றையும் பாதி முடித்திருந்தார்கள். மீதிப் பாதி பாப்பாக்கா வாயிலிருந்து வரவேண்டிய ஒரு வார்த்தை.

அதற்கு மகள் ஒரு வழி கண்டுபிடித்தாள். "ஓட்டல்ல எதிரெதிரே உட்கார்ந்து ஒரு டீ குடிக்கிற நேரத்துக்கு எல்லாரும் நல்லவங்கதாம்மா. மூணு நாள் ஒரே பஸ்ல போயிட்டு வாங்க. பசியில, வெயில்ல, வரிசையில நிக்கும்போது ஆள் எப்படின்னு தெரிஞ்சு போயிடும்" என்றாள். தீவைச் சுற்றிக் காட்டுகிற பஸ் ஒன்று இருந்தது. கோட்டை, பழைய அரண்மனை, சபை மண்டபம், முகமூடி மியூசியம் என்று கூட்டிக்கொண்டு போய், வழிகாட்டியாக ஒரு பெண்ணையும் அனுப்புவார்கள். கடல் தாண்டி வருகிறவர்கள் எல்லாம் அந்த இடங்களைப் படம் எடுத்துக்கொண்டு போகிறார்கள். தீவிலேயே பிறந்து வளர்ந்த பாப்பாக்கா அவற்றைக் காலண்டரில்தான் பார்த்திருந்தாள். ஆளைப் பிடிக்காவிட்டாலும் ஊரையாவது பார்த்த மாதிரி இருக்கும் என்று கிளம்பினாள்.

பஸ்ஸில் வலப்பக்கம் மூன்று பேர் உட்காரும் வரிசை அவர்களுக்கு. இஸ்திரி மடிப்புக் கலையாத சட்டையில் ஐஸ்காரர் முன்னாலேயே வந்து நின்றிருந்தார். ஜன்னலோரத்தை அவளுக்குக் காட்டி, வெயில் ஏறின பிறகும் இந்தப் பக்கம் நிழலாகவே இருக்கும் என்றார். அது அவளுக்குப் பிடித்திருந்தது. பிடிக்காதது, எக்ஸ்சேஞ்ச் அக்கா இருவருக்கும் நடுவில் வந்து உட்கார்ந்ததுதான். பழைய வேலை ஞாபகமோ என்னவோ, அந்த அம்மாள் அங்கிருந்தபடி இணைப்புக் கொடுத்துக்கொண்டே வந்தார். காலையில் எத்தனை மணிக்கு எழுந்திருப்பீர்கள் என்று பாப்பாக்கா அவரைக் கேட்டால் பதில் அக்காவிடமிருந்து வரும். காப்பியா டீயா என்றாலும் அக்காதான். அவர் பாட்டுக்கு முன்னால் பார்த்துத் தலையாட்டிக்கொண்டிருந்தார்.

கோட்டையில் இறங்கியதும் அவர் வேறு ஆளாகிவிட்டார். கடலைப் பார்க்கிற வாசலை யார் கட்டினார்கள், எந்தப் புயலில் இடிந்தது, பாசி பிடித்து வழுக்குகிற படி எது என்று எல்லாம் கரைத்துக் குடித்திருந்தார். வழிகாட்டி வாயைத் திறப்பதற்குள் இவர் ஒப்பித்துவிடுவார். ஒரு பீரங்கியைக் காட்டி, "இதை இத்தனை காலத்துல ஒரே ஒரு தடவைதான் சுட்டாங்க" என்று வழிகாட்டி ஆரம்பித்தாள். ஐஸ்காரர் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார். அந்தக் குண்டு எதிரி மேல் விழாமல் சொந்தக் கவர்னர் வீட்டுச் சமையலறையில் விழுந்த கதையை அவள் அதற்கப்புறம்தான் சொன்னாள். எல்லாரும் சிரிக்கிற நேரத்தில் இவர் சிரித்து முடித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார். படித்த மனுஷர்போல, கொஞ்சம் முந்திரிக்கொட்டைத்தனம் உண்டு, போகட்டும் என்று பாப்பாக்கா நினைத்தாள். மனசுக்குள் அவருக்கு ஒரு மார்க் போட்டாள் என்றுகூடச் சொல்லலாம்.

அந்த மார்க் சாயங்காலம்வரைகூடத் தாங்கவில்லை. எக்ஸ்சேஞ்ச் அக்கா கழிப்பறை வரிசையில் நின்ற சமயம், இருவரும் கோட்டைச் சுவரோரம் கடலைப் பார்த்து நின்றார்கள். அவள் அவருக்கு இடப்பக்கம் நின்றாள். அந்த நேரத்துக் காற்றோ, பக்கத்தில் ஒருவர் அமைதியாக நிற்பதோ, எதனால் என்று தெரியவில்லை, யாரிடமும் அதிகம் சொல்லாத ஒன்றை அவள் சொல்லத் தொடங்கினாள். அவள் கணவர் போன கதை. காலையில் சட்டைப் பொத்தானைப் போட்டுக்கொண்டு கட்டிலில் உட்கார்ந்திருந்தார். இவள் சமையலறையில் நின்று எதையோ பேசிக்கொண்டே இருந்தாள். பதில் வரவில்லை. கோபம்போல என்று இவளும் வீம்பாகத் திரும்பிப் பார்க்காமல் பேசினாள். வந்து பார்த்தபோது எல்லாம் முடிந்திருந்தது. எவ்வளவு நேரமாக ஆளில்லாத அறையோடு பேசினோம் என்பது இன்றைக்கும் தெரியாது.

சொல்லிவிட்டு அவள் நிமிர்ந்து பார்த்தாள். அவர் முகம் நிறையச் சிரிப்பு.

"ஆமா, ரொம்ப நல்லா இருக்கு" என்றார் அவர். "இதைப் பாக்கத்தான் எல்லாரும் வர்றாங்க."

இதென்ன மனுஷன், கல்லா என்று நினைத்தாள். அழுகை வந்தது, அதை மென்று முழுங்கிக்கொண்டு பஸ்ஸுக்கு நடந்தாள். அன்றைக்கு இரவுச் சாப்பாட்டில் எக்ஸ்சேஞ்ச் அக்கா எவ்வளவு இணைப்புக் கொடுத்தும் இந்த முனையில் யாரும் போனை எடுக்கவில்லை.

ஆனாலும் அவள் எடுத்தேன் கவிழ்த்தேன் என்று முடிவு செய்கிறவள் இல்லை. அழுகிற குழந்தைக்குப் பசியா, வயிற்று வலியா, துணி நனைந்திருக்கிறதா என்று ஒவ்வொன்றாகப் பார்த்துப் பழகியவள். இன்னொரு தடவை பார்ப்போம் என்று மறுநாளும் அதே ஜன்னலோரத்தில் உட்கார்ந்தாள். அரண்மனையைப் பார்த்தார்கள். ராஜா குளித்த குளத்தில் இப்போது ஆமைகள் குளித்துக்கொண்டிருந்தன. மத்தியானத்துக்கு மேல் சபை மண்டபத்துக்கு வந்தார்கள்.

வட்டமான மண்டபம், மேலே கவிழ்த்த கிண்ணம்போலக் கூரை. இந்தச் சுவரோரம் நின்று கிசுகிசுத்தால் எதிர்ச் சுவரில் காதை வைத்திருக்கிறவருக்குக் கேட்கும் என்று வழிகாட்டி சொன்னாள். அந்தக் காலத்து மந்திரிகள் ராஜாவைப் பற்றி இங்கே வாயே திறக்கமாட்டார்களாம். ஜோடி ஜோடியாகப் போய்ப் பேசிப் பார்க்கச் சொன்னாள். ஐஸ்காரர் யாரும் காட்டாமலே நேராகப் போய் ஒரு தூணுக்குப் பக்கத்தில் சரியான இடத்தில் சுவரில் காதை வைத்துக்கொண்டார். பாப்பாக்கா இந்தப் பக்கம் நின்றாள். முகத்துக்கு முகம் கேட்க முடியாததைச் சுவரிடம் கேட்கலாம் என்று அவளுக்குத் தைரியம் வந்தது. நடுவில் அக்காவும் இல்லை.

"என்கூட வாழ உங்களுக்கு நிஜமாவே விருப்பமா, இல்ல அக்கா சொன்னாங்கன்னு வந்தீங்களா?" என்று கேட்டாள்.

பிறகு சுவர் பேசியது.

"வணக்கம். பக்கத்துல நின்னு பேசற மாதிரி தெளிவா கேக்குது."

அவளுக்கு முகம் சிவந்துபோயிற்று. கேள்வியை மறுபடி கேட்க வாயெடுப்பதற்குள் வழிகாட்டிப் பெண் கையைத் தட்டிச் சிரித்தாள். "சார் போன வாரமும் இங்க நின்னு இதையேதான் சொன்னாரு. ஒரே மாசத்துல ரெண்டு தடவை இந்த டூருக்கு வந்தது இவர் ஒருத்தர்தான்" என்றாள். அந்தப் பக்கம் ஐஸ்காரர் இன்னும் சுவரில் காதை ஒட்டிக்கொண்டு, நல்ல பிள்ளை மாதிரி அடுத்த வார்த்தைக்குக் காத்திருந்தார்.

போன வாரமும் என்ற சொல் பாப்பாக்கா மண்டைக்குள் போய் உட்கார்ந்துகொண்டது. போன வாரமும் என்றால் யாரோடு? அடுத்த கணமே பதிலையும் அவளே சொல்லிக்கொண்டாள். போன வாரம் வேறொருத்தி இதே ஜன்னலோரத்தில், இதே நிழலில் உட்கார்ந்திருப்பாள். அவளுக்கும் வழுக்குகிற படியைக் காட்டியிருப்பார். அவள் சரிப்படவில்லை, அதனால் இந்த வாரம் இவள். துணிக்கடையில் புடவையைப் பிரித்துப் பார்ப்பதுபோல வாரத்துக்கு ஒருத்தியைப் பார்க்கிறார்கள் அக்காவும் தம்பியும். பஸ்ஸில் ஏறியதும் அவள் விடுவிடுவென்று கடைசி வரிசைக்குப் போய்விட்டாள். எக்ஸ்சேஞ்ச் அக்கா வந்து தலைவலியா என்று விசாரித்ததற்கு ஆமாம் என்றாள். மகள் போன் செய்தபோது, எனக்கு இது வேண்டாம், நீ ஒன்றும் கேட்காதே என்றாள். மகளும் அம்மாவைப் போலத்தான், பதறவில்லை. இன்னும் ஒரு நாள் இருக்கிறது, அதையும் முடித்துவிட்டுச் சொல் என்று வைத்துவிட்டாள்.

மூன்றாம் நாள் காலை, தங்கியிருந்த விடுதியின் சாப்பாட்டு அறையில் எல்லாரும் ரொட்டியும் முட்டையும் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். ஐஸ்காரர் தனியாக ஒரு மேஜையில் டீயை ஆற்றிக்கொண்டிருந்தார். அவருக்கு இடப்பக்கம் கொஞ்சம் பின்னால், சமையலறைக் கதவைத் தள்ளிக்கொண்டு வந்த ஆள் தட்டு அடுக்கைக் கை நழுவ விட்டான். எவர்சில்வர் தட்டுகள் அத்தனையும் தரையில் உருண்டன. பாப்பாக்காவுக்குத் தூக்கிவாரிப் போட்டது. ஒரு பெரியவர் நாற்காலியிலிருந்தே எழுந்துவிட்டார். ஐஸ்காரர் மட்டும் டீயை ஆற்றிக்கொண்டே இருந்தார்.

பாப்பாக்கா கையில் எடுத்த ரொட்டியைக் கீழே வைத்தாள்.

இப்படி ஒரு முகத்தை அவள் பார்த்திருக்கிறாள். அவள் அறையில் டாக்டர் ஒரு சோதனை செய்வார். குழந்தையின் தலைமாட்டில் நின்று, அது பார்க்காத மாதிரி, ஒவ்வொரு காதுக்குப் பக்கத்திலும் கிலுகிலுப்பையை ஆட்டுவார். கேட்கிற குழந்தை கண்ணைச் சிமிட்டும், கையை உதறும். கேட்காத குழந்தை தன்பாட்டுக்குக் கையைச் சப்பிக்கொண்டிருக்கும். டாக்டர் இல்லாத நாளில் அவளே ஆட்டிப் பார்த்துவிட்டு அவரிடம் சொல்வாள்.

கிலுகிலுப்பைக்கு எங்கே போவது? கைப்பையிலிருந்து வீட்டுச் சாவிக்கொத்தை எடுத்துக்கொண்டு எழுந்தாள். பின்னாலிருந்து போய் அவருடைய இடது காதுக்குப் பக்கத்தில் சாவிகளை ஆட்டினாள். பார்த்தவர்கள் பைத்தியம் என்றுதான் நினைத்திருப்பார்கள். ஐஸ்காரர் டீயை ஒரு வாய் குடித்தார். வலது காதுப் பக்கம் நகர்ந்து மறுபடி ஆட்டினாள். அவர் திரும்பினார். அவள் அவ்வளவு கிட்டத்தில் நிற்பதைப் பார்த்துப் பதறி எழுந்து, டீ மேஜையில் சிந்த, வாங்க வாங்க உட்காருங்க என்று அசடு வழிந்தார்.

பாப்பாக்கா உட்காரவில்லை. நேராக எக்ஸ்சேஞ்ச் அக்காவிடம் போனாள். கோட்டைச் சுவரில் கல்லைப்போல நின்று சிரித்தாரே என்று விடியவிடியக் குமைந்தது எல்லாம் இப்போது இந்த அம்மாள் மேல் கோபமாகத் திரும்பியிருந்தது. தம்பிக்குக் காது கேட்காது என்பதை ஏன் மறைத்தீர்கள் என்று கேட்டதும் அக்கா முகத்தில் ஈயாடவில்லை. கொஞ்ச நேரம் பூசி மெழுகப் பார்த்தார், முடியவில்லை.

"அந்த மெஷின் சத்தத்துல போன காது தங்கச்சி. இடது சுத்தமா இல்ல, வலதுலயும் பாதிதான்" என்றார். "இதைச் சொல்லி ரெண்டு இடம் தட்டிப்போச்சு. அதான், நீ தலைய ஆட்டிக்கிட்டே இரு, மத்ததை நான் பாத்துக்கறேன்னு சொல்லிக் கூட்டிட்டு வந்தேன். தப்பு என் மேலதான்."

போன வாரம் எந்தப் பெண்ணைப் பார்த்தீர்கள் என்று பாப்பாக்கா கேட்டதற்கு அக்கா திருதிருவென்று விழித்தார். போன வாரம் பேக்டரியில் மெஷின் பழுது, மூன்று நாள் வீட்டுக்கு வரமுடியாது என்றல்லவா தம்பி சொன்னான் என்றார்.

பஸ் புறப்படுகிற நேரம் பாப்பாக்கா, கடைசி வரிசை காலியாக இருக்கிறது, நீங்கள் அங்கே காலை நீட்டிக்கொள்ளலாம் என்று அக்காவிடம் மரியாதையாகத்தான் சொன்னாள். ஆனால் அது உத்தரவு என்று அக்காவுக்குப் புரிந்தது. பாப்பாக்கா ஜன்னலோரம் உட்கார்ந்து பக்கத்து இடத்தைத் தட்டிக் காட்டினாள். அவர் வந்து உட்கார்ந்தார். இப்போது அவருடைய வலது காது அவளுக்கு நேராக இருந்தது.

"போன வாரம் யாரோட வந்தீங்க?" என்று கேட்டாள்.

"தனியா" என்றார் அவர். சாவிக்கொத்து விஷயம் அவருக்கும் புரிந்திருந்தது. சட்டைப் பொத்தானைத் திருகிக்கொண்டே கொஞ்சம் கொஞ்சமாகச் சொன்னார். மூன்று நாள் கூடவே இருந்தால் காது விஷயம் முதல் நாளே வெளிவந்துவிடும் என்று பயம். அதனால் முதலில் தனியாக வந்து, முன் சீட்டில் உட்கார்ந்து, வழிகாட்டியை விடாமல் பின்தொடர்ந்து, ஒவ்வொன்றையும் இன்னொரு தடவை வலது காதில் சொல்லச் சொல்லிப் பாடமே பண்ணிவிட்டார். சிரிக்க வேண்டிய இடம்கூடப் பாடம்தான்.

"அந்தப் பொண்ணு என்ன சொல்லுவாங்கன்னு மொத்தமும் படிச்சிட்டேன்" என்றார். "நீங்க என்ன சொல்லுவீங்கன்னு படிக்க முடியலை. நீங்க பேசறப்போ எல்லாம் வாயையே பாத்தேன். அதுவும் அசையற மாதிரியே இல்ல."

பாப்பாக்காவுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது, கண்ணும் கலங்கியது. இரண்டும் ஒரே நேரத்தில் வந்தால் மனுஷி என்ன செய்வாள், ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். அவர் கோபம் என்று நினைத்துவிட்டார். உங்களை ஏமாற்றவேண்டும் என்று செய்யவில்லை, வேண்டாம் என்றால் பரவாயில்லை, மகளிடம் நானே சொல்லிவிடுகிறேன் என்று எழப்போனார். அவள் அவருடைய சட்டைக் கையைப் பிடித்து உட்கார வைத்தாள்.

முகமூடி மியூசியத்தில் வழிகாட்டி சொன்னதை அவர்கள் இருவருமே காதில் வாங்கவில்லை. அவருக்கு ஏற்கெனவே தெரியும், அவளுக்குத் தேவைப்படவில்லை. கண்ணாடிப் பெட்டிகளுக்கு நடுவே மெதுவாக நடந்தார்கள். அவள் வலப்பக்கமே நடந்தாள். ஒரு முகமூடியைக் காட்டி, எங்கள் பெரிய டாக்டருக்குக் கோபம் வந்தால் இதே மூக்குத்தான் என்றாள். அவர் சிரித்தார். இந்தத் தடவை அவள் சொல்லி முடித்த பிறகு சிரித்தார். வெளியே வந்து ஒரு மர நிழலில் பெஞ்சில் உட்கார்ந்தபோது, கோட்டைச் சுவரில் சொன்னதை அவள் முழுசாக மறுபடி சொன்னாள். அடித்தொண்டையிலிருந்து குரலை எடுத்து, அவர் காதுக்குக் கிட்டத்தில் சொன்னாள். இவ்வளவு சத்தமாக அதைச் சொல்லுவாள் என்று அவளே நினைத்ததில்லை. பாதியில் குரல் உடைந்தது, அப்படியே சொல்லி முடித்தாள்.

அவர் ஆறுதல் சொல்லவில்லை. "அன்னைக்கு அவர்கிட்ட என்ன சொல்லிட்டு இருந்தீங்க?" என்று கேட்டார்.

இத்தனை வருஷத்தில் அவளை யாரும் கேட்காத கேள்வி அது. எப்படிப் போனார், எத்தனை மணிக்கு, டாக்டர் என்ன சொன்னார் என்று ஊரே கேட்டது. அவள் என்ன பேசிக்கொண்டிருந்தாள் என்று யாரும் கேட்கவில்லை. அவள் யோசிக்கவே வேண்டியிருக்கவில்லை. மகளுக்கு ஷூ சின்னதாகிவிட்டது, வேறு வாங்கவேண்டும், போன தடவை வாங்கின கடையில் வாங்கக்கூடாது, அங்கே தையல் சரியில்லை. இதைத்தான் சொல்லிக்கொண்டிருந்தாள். ஒரு வார்த்தை விடாமல் இவரிடம் சொன்னாள். அவர் தலையை அவள் பக்கம் சாய்த்துக் கேட்டார். ஷூ கடைசியில் எந்தக் கடையில் வாங்கினீர்கள் என்றும் கேட்டார்.

"நான் பதில் பேசலேன்னா கோவம்னு நினைச்சிடாதீங்க" என்றார் பிறகு. "தோள்ல ஒரு தட்டு தட்டுங்க. திரும்பிடுவேன்."

பஸ் ஊருக்குத் திரும்பும்போது வெயில் தணிந்திருந்தது. கடற்கரைச் சாலை முடிந்து கடைத்தெரு வந்தது. கடைசி வரிசையில் எக்ஸ்சேஞ்ச் அக்கா தூங்குவதுபோல இருந்தார், தூங்கவில்லை என்பது பஸ்ஸுக்கே தெரியும். பாப்பாக்காவின் போன் அடித்தது. மகள்தான். அம்மா என்ன முடிவு என்று கேட்டாள். வைத்துவிடு, சொல்லவேண்டியவரிடம் முதலில் சொல்லிவிட்டு உன்னைக் கூப்பிடுகிறேன் என்று பாப்பாக்கா போனை அணைத்தாள். அவர் தோளில் தட்டினாள். அவர் திரும்பினார்.

"எனக்குச் சம்மதம்" என்றாள்.

பழக்கதோஷம், குரல் தொட்டில் அறைக் குரலாகவே வந்தது. பஸ் இன்ஜின் அதை விழுங்கிவிட்டது. இரண்டு நாளைக்கு முன்னால் என்றால் அவர் தலையாட்டிச் சிரித்து, ரொம்ப நல்லா இருக்கு என்று சொல்லியிருப்பார். இப்போது தலையாட்டவில்லை.

"கேக்கலை" என்றார். "இன்னொரு தடவை சொல்லுங்க."

அவள் மூச்சை இழுத்து, இருக்கிற குரலையெல்லாம் கூட்டிச் சொன்னாள். முன் வரிசையில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். வழிகாட்டிப் பெண் மைக்கைக் கீழே இறக்கினாள். கடைசி வரிசையில் தூக்கம் கலைந்துபோயிற்று. ஐஸ்காரர் காது நுனிவரை சிவந்துபோனார். பிறகு வலது காதை இன்னும் கிட்டக் கொண்டுவந்தார்.

"இன்னொரு தடவை" என்றார்.

இந்தத் தடவை அவருக்கு நன்றாகவே கேட்டுவிட்டது என்று அவளுக்குத் தெரியும். இருந்தாலும் சொன்னாள்.